ஒரு கல்லுப் பெட்டியும் ரெண்டு குடித்தனமும்

'சார்கோஃபேகஸ்'ங்கற சொல்லுக்குக் கிரேக்கத்துல நேர் அர்த்தம் 'சதை தின்னி'. நிஜமாத்தான். இன்னைக்குத் துருக்கியில இருக்கற அஸ்ஸோஸ் பக்கம் ஒரு வகைக் கல் கிடைக்குமாம். அதுல செஞ்ச பெட்டிக்குள்ள பிணத்தை வெச்சா, நாற்பதே நாள்ல பல்லைத் தவிர மிச்சம் எல்லாத்தையும் தின்னு தீர்த்துடும்னு கி.பி. முதல் நூற்றாண்டுல பிளினி எழுதி வெச்சிருக்கார். பிற்பாடு எந்தக் கல்லுல சவப்பெட்டி செஞ்சாலும் அதே பேரு ஒட்டிக்கிச்சு. எந்தக் கம்பெனி மெஷின்ல எடுத்தாலும் நாம ஜெராக்ஸ்னு சொல்றோமே, அந்த மாதிரி.

இப்ப சொல்லப் போறது அப்படி ஒரு பெட்டியோட கதை. சலவைக்கல்லுல செஞ்சது. இருக்கறது இத்தாலியில, பைசாவுல. சாய்ந்த கோபுரத்தைக் கையால தாங்கிப் பிடிக்கற மாதிரி எல்லாரும் போட்டோ எடுத்துக்கறாங்களே, அதே புல்வெளியோட வடக்கு ஓரத்துல நீளமா ஒரு வெள்ளைச் சுவர் இருக்கும். முக்கால்வாசிப் பேர் அதைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டாங்க. உள்ளே போனா நடுவுல திறந்த முற்றம், நாலு பக்கமும் தாழ்வாரம், தாழ்வாரம் பூரா ரோமானியக் கல் சவப்பெட்டிகள். பேரு கம்போசாந்தோ, 'புனித வயல்'. 1278 வாக்குல கட்ட ஆரம்பிச்ச இடுகாடு. ஏசுவைச் சிலுவையில அறைஞ்ச கொல்கொத்தா மேட்டுல இருந்து கப்பல் கப்பலா மண்ணை அள்ளிக் கொண்டுவந்து இங்கே கொட்டினதா ஊர்க்கதை. அந்த மண்ணுல புதைச்சா இருபத்திநாலு மணி நேரத்துல உடம்பு மக்கிடும்னும் சொல்லுவாங்க. பிளினியோட கல்லுக்கு நாற்பது நாள், பைசா மண்ணுக்கு ஒரே நாள்! பெர்ஃபார்மன்ஸ் இம்ப்ரூவ்மெண்ட்னா இதுதான்.

நம்ம பெட்டி ரோமாபுரி பாணியில கி.பி. 2ஆம் நூற்றாண்டோட கடைசிப் பகுதியில செதுக்கினது. முன்பக்கத்துல இடது பாதியில ஒரு ராணி உட்கார்ந்திருக்கா, பக்கத்துல தோழிப் பெண்கள், ஒரு கிழவி, காலடியில குட்டியா ஒரு மன்மதன். அவளுக்கு எதிர்ல கட்டுமஸ்தான உடம்போட ஒரு இளைஞன், வேட்டைக்குக் கிளம்பற கோலம். வலது பாதியில அதே இளைஞன் குதிரை மேல, ஈட்டியைத் தூக்கிக் காட்டுப்பன்றி மேல பாயறான். ராணி பேரு ஃபீட்ரா. இளைஞன் பேரு ஹிப்போலிட்டஸ். உறவுமுறை? அவ அவனுக்குச் சித்தி. அப்பாவோட ரெண்டாவது பெண்டாட்டி.

சாரங்கதாரா கதை தெரிஞ்சவங்களுக்கு மிச்சத்தைச் சொல்லவே வேண்டாம். ஆனா கிரேக்கக் கதையில முடிச்சு கொஞ்சம் வேற. ஹிப்போலிட்டஸ் வேட்டைத் தெய்வம் ஆர்ட்டெமிஸைத் தவிர யாரையும் கும்பிட மாட்டேன்னு இருக்கற ஆள். காதல், கல்யாணம் எதுவும் அவனுக்கு ஆகாது. அதுல காதல் தெய்வம் அஃப்ரோடைட்டிக்குக் கோபம். அவனைப் பழிவாங்க அவனோட சித்தி மனசுல ஆசையை மூட்டி விடறா. ஃபீட்ரா பாவம், வெளியில சொல்லவும் முடியாம உள்ளே வெச்சுக்கவும் முடியாம சோறு தண்ணி இல்லாமப் படுத்துடறா. கூட இருக்கற செவிலிக் கிழவிதான் நல்லது பண்றதா நினைச்சுப் போய் அவன்கிட்ட விஷயத்தை உடைக்கிறா. அவன் சீன்னு உதறிடறான். மானம் போயிடுமேன்னு ஃபீட்ரா தூக்கு மாட்டிக்கறா. ஆனா சாகறதுக்கு முன்னாடி, "இவன் என்னைக் கெடுத்துட்டான்"னு புருஷனுக்கு ஒரு ஓலை எழுதி வெச்சுட்டுப் போறா. அப்பன்காரன் தீசியஸ் விசாரிக்காமலே சபிக்கறான். கடல்ல இருந்து ஒரு ராட்சதக் காளை கிளம்பி வருது, தேர்க்குதிரைங்க மிரண்டு ஓடுது, கடிவாளத்துல சிக்கின பையன் பாறையில மோதி மோதிச் சாகறான். யூரிபிடிஸ் கி.மு. 428ல மேடையேத்தின நாடகத்துல கதை இப்படிப் போகுது. ரோமானியர் செனெக்கா எழுதின நாடகத்துல ஃபீட்ராவே கடைசியில உண்மையை ஒத்துக்கிட்டு வாளால குத்திக்கிட்டுச் சாகறா.

சரி, இதையெல்லாம் எதுக்கு இவ்வளவு விலாவாரியா சொல்றேன்னா, எனக்கு மண்டை காஞ்சது இங்கேதான். யாராவது வீட்டுல செத்துப்போனவங்களோட சவப்பெட்டி மேல போய், சித்தி மகன் மேல ஆசைப்பட்ட கதையைச் செதுக்குவாங்களா? அதுவும் சொந்தக் காசைப் போட்டு? ரோமானியர்கள் செஞ்சிருக்காங்க. ஒண்ணு ரெண்டு இல்லை, இதே கதையோட பெட்டிகள் நிறைய இருக்கு. மீடியா கதை இருக்கு, பெத்த பிள்ளைகளையே கொன்னவ. தாயைக் கொன்ன ஒரெஸ்டஸ் கதை இருக்கு. கல்லறையில வைக்க வேற கதையே கிடைக்கலையா இவங்களுக்கு?

வத்திக்கான் மியூசியத்துல இருக்கற இன்னொரு பெட்டியைப் பார்த்தா இந்த முடிச்சு லேசா அவிழும். 3ஆம் நூற்றாண்டுல செஞ்சது. டிராய் போர்க்களத்துல அக்கிலீஸ், அமேசான் ராணி பெந்தெசிலியாவைக் குத்திட்டு, அவ சரியும்போது கையில தாங்கிப் பிடிச்சு, அவ அழகைப் பார்த்து மயங்கற காட்சி. இதுல அந்த ரெண்டு பேரோட முகமும் கிரேக்கப் புராண முகம் இல்லை. ஒரு சாதாரண ரோமானியப் புருஷன், பெண்டாட்டியோட முகம்! அந்தக் காலத்துத் தலையலங்காரத்தோட அப்படியே செதுக்கியிருக்காங்க. கதையை முழுசாப் படிச்சா, "நான்தான் என் பெண்டாட்டியைக் கொன்னேன்"னு கல்லுல வாக்குமூலம் குடுத்த மாதிரி ஆகுது. எந்தப் புருஷனும் அதுக்குக் காசு குடுக்க மாட்டான். அவங்க கதையைப் படிக்கலை, அந்த ஒரு காட்சியை மட்டும் எடுத்துக்கிட்டாங்க. செத்துக்கிட்டிருக்கற பெண்டாட்டி, அவளைக் கையில தாங்கி நிக்கற புருஷன். அவ்வளவுதான் அவங்களுக்கு வேணும்.

நியூயார்க் மெட்ரோபொலிட்டன் மியூசியத்துல இருக்கறது எனக்கு இதை விடப் பிடிச்சது. ஆனினியா ஹிலாராங்கற பொண்ணு, கிளாடியா அர்ரியாங்கற தன்னோட அம்மாவுக்குச் செஞ்சு வெச்சது. அம்மா வாழ்ந்தது 50 வருஷம் 10 மாசம்னு மூடியில எழுதியிருக்கு. "ஒப்பில்லாத அம்மா"ன்னும் இருக்கு. முன்பக்கத்துல நிலா தெய்வம் செலினி ராத்திரி தேர்ல இருந்து இறங்கி, என்னைக்குமே கண் முழிக்காமத் தூங்கற எண்டிமியானைப் பார்க்க வர்ற காட்சி. கதைப்படி இது காதல் கதை, தூங்கறவன் ஒரு ஆட்டிடையன். ஆனா கல்லறையில அதோட வேலை வேற. எழுந்திருக்காதவங்களைத் தேடி ஒருத்தர் திரும்பத் திரும்ப வந்துக்கிட்டே இருக்காங்க. வருஷா வருஷம் பிப்ரவரியில 'பேரன்டாலியா'ன்னு ஒன்பது நாள் ரோமானியர்களுக்கு முன்னோர் கடன் செலுத்தற நாட்கள். குடும்பத்தோட கல்லறைக்குப் போய்ப் பூ, ரொட்டி, ஒயின் வெச்சுட்டு வருவாங்க. அப்படி அம்மாகிட்ட போய் நிக்கற பொண்ணு அந்தக் கல்லுல யாரைப் பார்த்திருப்பான்னு தனியா சொல்லணுமா?

இப்படிப் பார்த்தா ஃபீட்ரா பெட்டியும் புரியுது. அந்த முன்பக்கத்துல தூக்குக் கயிறு இல்லை, பொய் ஓலை இல்லை, காளை இல்லை. இடது பக்கம், போகாதேன்னு தவிக்கற ஒருத்தி. வலது பக்கம், ஆபத்தை நேருக்கு நேர் பார்க்கற ஒருத்தன். ரோமானியர்களுக்கு 'விர்டுஸ்'னு ஒரு சொல் உண்டு. ஆண்மை, வீரம், நேர்மை எல்லாம் கலந்த ஒண்ணு. அதையே ஒரு பெண் தெய்வமாக்கிப் போர்க்கோலத்துல வேட்டைக் காட்சியில ஹிப்போலிட்டஸ் பக்கத்துல நிக்க வெச்சிருக்காங்க. புராணத்துல அப்படி ஒரு ஆளே கிடையாது. வாங்கினவங்களுக்காகச் சேர்த்த கேரக்டர் அது. "எங்க ஆள் இப்படி இருந்தார், எங்களை விட்டுட்டுப் போயிட்டார், நாங்க இப்படித் தவிக்கறோம்." சொல்ல வந்தது இவ்வளவுதான்னு நினைக்கிறேன். கதையோட அசிங்கம் அவங்களுக்குத் தெரியாததில்லை. தெரிஞ்சும் தேவையில்லாததை விட்டுட்டாங்க. நாம ராமாயணத்துல பட்டாபிஷேகப் படத்தை மட்டும் ஃப்ரேம் போட்டு மாட்டிக்கிட்டு உத்தர காண்டத்தை விட்டுடறதில்லையா?

செதுக்கற வேலையைப் பத்தியும் சொல்லணும், ஏன்னா எஞ்சினியர் புத்தி அங்கே போகாம இருக்காது. ஹேட்ரியன் காலத்துக்கு (117–138) முன்னாடி வரைக்கும் ரோம் நகரத்துல பெரும்பாலும் எரிக்கறதுதான் வழக்கம். சாம்பலை ஒரு கலயத்துல போட்டு மாடத்துல வெச்சுடுவாங்க. அந்தச் சமயத்துல இருந்து புதைக்கற பழக்கம் கொஞ்சம் கொஞ்சமாப் பரவ, கல் பெட்டிக்கு திடீர்னு பெரிய டிமாண்ட். சுரங்கத்துலேயே கல்லைக் குடைஞ்சு உள்பக்கத்தை வெத்தாக்கி, எடையைக் குறைச்சுத்தான் கப்பல்ல ஏத்துவாங்க. ரோம் பட்டறைகள்ல முன்பக்கம் ஆழமாகவும் ரெண்டு பக்கவாட்டும் லேசாகவும் செதுக்கி, பின்பக்கத்தை மொட்டையா விட்டுடுவாங்க. எப்படியும் சுவரோரமாத்தானே நிக்கப் போகுது! ஏதென்ஸ் பட்டறைகள்ல நாலு பக்கமும் செதுக்குவாங்க. சுருட்டை முடி, தாடி, துணி மடிப்பு இதுல எல்லாம் ஆழமா நிழல் விழறதுக்கு உளி போதாது, துறப்பணம்தான். அதை எப்படி ஓட்டினாங்கன்னு யூட்ரோபாஸ்ங்கற ஒரு சிற்பியோட கல்லறைப் பலகையே காட்டுது. அவர் துறப்பணத்தைக் கல்லுல அழுத்திப் பிடிச்சிருக்க, இன்னொரு ஆள் அதுல சுத்தின கயிறை ரெண்டு பக்கமும் மாத்தி மாத்தி இழுக்கறான். அவர் செஞ்சுக்கிட்டிருக்கறதும் ஒரு சவப்பெட்டிதான். செதுக்கி முடிச்சதும் வண்ணம் வேற பூசுவாங்க. இன்னைக்கு நாம பார்க்கற வெள்ளை வெளேர் கல் ரோமானியர் யாரும் பார்த்த கல் இல்லை.

மாதிரிப் படங்களும் கைமாறிக்கிட்டே இருந்திருக்கு. வேட்டைக் காட்சியையே எடுத்துக்குங்க. பன்றி வேட்டையில பேர் போன புராண ஆளுங்க மூணு பேர்: மெலியேகர், அடோனிஸ், ஹிப்போலிட்டஸ். பன்றி ஒரே பன்றிதான்! அது ஒரே மாதிரி குகையில இருந்து ஒரே மாதிரி தலையை நீட்டும். ஆளை வெச்சுத்தான் கதையைக் கண்டுபிடிக்கணும். வில்லோட அட்லாண்டாங்கற பெண் இருந்தா மெலியேகர், தொடையில காயம்பட்டு விழுந்து கிடந்தா அடோனிஸ், குதிரை மேல இருந்தா பெரும்பாலும் ஹிப்போலிட்டஸ். நாம கோட் எழுதற மாதிரிதான், ஒரே ஃபங்ஷன், உள்ளே போற பேரு மட்டும் வேற. இந்தப் பன்றியை ஞாபகம் வெச்சுக்குங்க, கீழே ஒரு பெரிய மனுஷனை இது கவுக்கப் போகுது.

முதல் குடித்தனக்காரர் யாருங்கற பேர் நம்மகிட்ட வந்து சேரலை. தொள்ளாயிரம் வருஷம் போகுது. ரோமப் பேரரசு போச்சு, அந்தச் சாமிகளும் போயாச்சு. 11ஆம் நூற்றாண்டுல பைசா ஒரு கடல் வல்லரசு. 1063ல பலெர்மோ துறைமுகத்தைச் சூறையாடிக் கொண்டுவந்த செல்வத்துலதான் அந்தப் பெரிய கதீட்ரலைக் கட்ட ஆரம்பிச்சாங்க. நாங்கதான் புது ரோம்னு அவங்களுக்கு ஒரு நினைப்பு. ரோமானியக் கல்வெட்டுத் துண்டுகளைக் கதீட்ரல் சுவர்லயே வெச்சுக் கட்டியிருக்காங்க. பழைய ரோமானியச் சவப்பெட்டிகளைக் கொண்டுவந்து, காலி பண்ணி, தங்கள் பெரிய மனுஷங்களைப் புதைக்கறதும் ஒரு கௌரவம். இது பைசா மட்டும் செஞ்ச வேலையும் இல்லை. பேரரசர் சார்லமேனே 814ல பெர்ஸபனியைப் பாதாள ராஜா தூக்கிட்டுப் போற காட்சி இருக்கற ஒரு ரோமானியப் பெட்டியிலதான் அடக்கமானார்னு சொல்றாங்க. அது இன்னைக்கும் ஜெர்மனியில ஆஹன் நகரத்துல இருக்கு.

ஃபீட்ரா பெட்டிக்கு ரெண்டாவதா குடிவந்தவர் பியாட்ரிஸ். டஸ்கனியோட ஆட்சியாளர். 1076 ஏப்ரல் 18ல பைசாவுல இறந்தார். இவர் வாழ்க்கையைப் படிச்சா அந்தப் பெட்டியைத் திரும்ப ஒரு தடவை பார்க்கத் தோணும். முதல் புருஷன் போனிஃபேஸ் 1052ல எப்படிச் செத்தார் தெரியுமா? வேட்டையில. காட்டுல யாரோ விட்ட அம்பு. மூணு குழந்தைகளோட நின்ன பியாட்ரிஸ், ரெண்டு வருஷம் கழிச்சு லொரேன் பிரபு காட்ஃப்ரேயைக் கல்யாணம் பண்ணிக்கிட்டார். அந்த காட்ஃப்ரே பேரரசர் மூன்றாம் ஹென்றியை எதிர்த்துக் கலகம் செஞ்ச ஆளுங்கறதால ஹென்றிக்குக் கோபம். 1055ல இத்தாலிக்கே வந்து பியாட்ரிஸையும் கடைசிப் பொண்ணு மெட்டில்டாவையும் கைதியா ஜெர்மனிக்குக் கொண்டுபோயிட்டார். மத்த ரெண்டு குழந்தைகளும் அந்தச் சமயத்துக்குள்ள இறந்துட்டாங்க. மறு வருஷம் ஹென்றி செத்த பிறகுதான் விடுதலை. அப்புறம் சொத்தும் ஆட்சியும் கைமாறாம இருக்க, ரெண்டாவது புருஷனோட மூத்த தாரத்துப் பையனுக்கே மெட்டில்டாவைக் கட்டி வெச்சாங்க. பேரு அவனுக்கும் காட்ஃப்ரேதான், கூனன் காட்ஃப்ரேன்னு சொல்லுவாங்க. அந்தக் கல்யாணம் நல்லா அமையலை. பிறந்த குழந்தையும் தங்கலை. மெட்டில்டா அம்மாகிட்டயே திரும்பி வந்துட்டார்.

அம்மாவும் பொண்ணும் சேர்ந்துதான் ஆட்சி பண்ணினாங்க. 1076 பிப்ரவரியில போப் ஏழாம் கிரிகோரி, நான்காம் ஹென்றியைத் திருச்சபையை விட்டு விலக்கி வைக்கறார். அதே மாசக் கடைசியில கூனன் காட்ஃப்ரே கொலையாகறான். ஏப்ரல்ல அம்மா போயிட்டார். முப்பது வயசுல மெட்டில்டா தனி ஆள். ஒன்பது மாசம் கழிச்சு, 1077 ஜனவரிப் பனியில, நான்காம் ஹென்றி வெறுங்காலோட மூணு நாள் நின்னு போப்கிட்ட மன்னிப்புக் கேட்டாரே, ஸ்கூல் புத்தகத்துல எல்லாம் வருமே, அந்த கனோஸா கோட்டை இந்த மெட்டில்டாவோடதுதான்.

புருஷனை வேட்டையில பறிகொடுத்த ஒருத்தி, வேட்டைக் காட்சி செதுக்கின பெட்டியில. மாற்றாந்தாயா இருந்த ஒருத்தி, மாற்றாந்தாய் கதை செதுக்கின பெட்டியில. சினிமாவுல இப்படி வெச்சா ஓவர்னு சொல்லுவோம். ஆனா அர்த்தத்தோட தேர்ந்தெடுத்தாங்கன்னு நான் நம்பலை. அவங்க கண்ணுக்கு அது ஃபீட்ராவே இல்லை, பழைய ரோமோட மகிமை. ராஜ குடும்பத்துக்கு ஏத்த பெட்டி. கல்லறைக் கல்வெட்டுல பியாட்ரிஸ் தன்னைப் பாவின்னு சொல்லிக்கறார். லத்தீன்ல அந்தச் சொல்லும் அவர் பேரும் எதுகை சேருதுங்கறதால எழுதினது. அதுவும் அந்தக் காலத்து வழக்கமான பணிவுதான். கீழே உட்கார்ந்திருக்கற ஃபீட்ராவை மனசுல வெச்சு எழுதினதில்லை.

இதுல ஒரு வயித்தெரிச்சல் பார்ட்டியும் உண்டு. டோனிசோன்னு ஒரு துறவி, கனோஸா மடத்துக்காரர். மெட்டில்டாவோட வாழ்க்கையைக் காவியமா எழுதினவர். பியாட்ரிஸை எங்க கனோஸாவுல புதைக்காம பைசாவுல புதைச்சுட்டாங்களேன்னு புலம்பு புலம்புன்னு புலம்பியிருக்கார். காரணம்? பைசா கடற்கரையில துருக்கியர், லிபியர், பார்த்தியர்னு புறச்சமயத்தாரா சுத்தறாங்களாம், ஊரே தீட்டாம். அந்த அம்மா படுத்திருக்கற பெட்டி மேலேயே அசல் புறச்சமயத் தெய்வக் குட்டி ஒண்ணு நிக்கறதைப் பத்தி மனுஷன் மூச்சு விடலை!

பெட்டி கதீட்ரலோட வெளிப்பக்கம், வர்றவன் போறவன் எல்லாம் பார்க்கற இடத்துல இருந்தது. அப்படிப் பார்த்தவங்கள்ல ஒருத்தர் நிக்கோலா பிசானோ. பேரு பிசானோன்னாலும் ஆளு தெற்கே அபுலியாவுல இருந்து வந்தவர்னு ஆவணம் சொல்லுது. கதீட்ரலுக்கு எதிர்ல இருக்கற ஞானஸ்நான மண்டபத்துக்கு ஒரு பிரசங்க மேடை செய்யற வேலை அவருக்குக் கிடைச்சது. அறுகோண மேடை, அஞ்சு பக்கம் ஏசுவோட கதைகள். முடிச்சு, 1260னு தேதி போட்டுக் கையெழுத்தும் போட்டிருக்கார். (பைசாக்காரங்களுக்கு வருஷம் நமக்கு முன்னாடியே மார்ச் 25ல பிறந்துடும். அதனால அவங்க 1260 நம்ம கணக்குல 1259ஆகவும் இருக்கலாம். ஆஃப் பை ஒன் எரர் அன்னைக்கே இருந்திருக்கு.)

அந்த மேடையில மூணு ராஜாக்கள் குழந்தை ஏசுவைப் பார்க்க வர்ற பலகையைப் பாருங்க. நாற்காலியில உட்கார்ந்திருக்கற மேரி. நிமிர்ந்த முதுகு, உருண்ட கன்னம், நேரான மூக்கு, முழங்கால்ல விழற கனமான துணி மடிப்பு. அது ஃபீட்ரா! உட்கார்ந்திருக்கற தோரணை உட்பட அப்படியே ஃபீட்ரா. மகன் மேல ஆசைப்பட்டுச் செத்தவளோட உருவம், மகனை மடியில வெச்சிருக்கற கன்னித்தாய்க்குப் போயிருக்கு.

இது எவ்வளவு பெரிய தாவல்னு புரியணும்னா அதுக்கு நூறு வருஷம் முன்னாடி, 1159–1162ல, குல்யெல்மோங்கற சிற்பி பைசா கதீட்ரலுக்குச் செஞ்ச பிரசங்க மேடையைப் பார்க்கணும். பின்னால அதை சார்டினியா தீவுல காலியரிக்கு அனுப்பிட்டாங்க, இன்னைக்கும் அங்கே இருக்கு. அழகான வேலைதான், குறை சொல்ல மாட்டேன். ஆனா அதுல இருக்கறவங்க பொம்மைங்க. வரிசையா நிக்கறாங்க. நிக்கோலாவோட ஆட்களுக்கு எடை இருக்கு. துணிக்குள்ள உடம்பு இருக்கு, உடம்புக்குள்ள எலும்பு இருக்கு. ஒரு ஆள் இன்னொரு ஆளை மறைச்சுக்கிட்டு நெருக்கியடிச்சு நிக்கறாங்க, ரோமானியப் பெட்டியில நிக்கற மாதிரியே. தாழ்வாரத்துல ஃபீட்ரா பெட்டி முன்னாடி நின்னப்ப எனக்குப் பளிச்சுன்னு பட்டது அந்த நெருக்கம்தான். கல்லுல காத்துப் போக இடம் இல்லை.

மறுமலர்ச்சியே இந்தப் பெட்டியில இருந்துதான் பிறந்ததுன்னு சில பேர் அடிச்சு விடுவாங்க. அது கொஞ்சம் ஓவர். நிக்கோலாவுக்கும் மைக்கலாஞ்சலோவுக்கும் நடுவுல ரெண்டு நூற்றாண்டுக்கு மேல இருக்கு. ஆனா நிக்கோலாவோட பட்டறையில வளர்ந்தவங்கதான் அவர் பையன் ஜொவான்னியும், ஃப்ளோரன்ஸ் கதீட்ரலை ஆரம்பிச்ச அர்னோல்ஃபோவும். அந்தச் சங்கிலியில இந்தப் பெட்டி ஒரு நிஜமான கண்ணி.

நிக்கோலாவுக்கு அது ஃபீட்ரான்னு தெரிஞ்சு செஞ்சாரா? தெரிஞ்சிருந்தாலும் கவலைப்பட்டிருக்க மாட்டார்னு நினைக்கிறேன். ஏன்னா அதே மேடையில 'மனத்திண்மை'ங்கற நற்குணத்துக்கு உருவமா பொட்டுத்துணி இல்லாம ஒரு ஹெர்குலிஸ் நிக்கறார், கிறிஸ்தவக் கோயிலுக்குள்ள. குழந்தை ஏசுவை ஆலயத்துல காணிக்கையா வைக்கற பலகையில ஒரு தாடிக்காரப் பெரியவர் பையன் ஒருத்தனைப் பிடிச்சுக்கிட்டு நிக்கறாரே, அவரு அசல்ல ஒரு பழைய சலவைக்கல் ஜாடியில இருந்த டயோனிஸஸ். ஒயின் தெய்வம். போதையில தள்ளாடறவரைக் கொண்டுவந்து பக்தியில தழுதழுக்கற பெரியவரா ஆக்கியாச்சு! தள்ளாட்டம் ஒண்ணுதான், காரணத்தை மட்டும் மாத்திட்டார். ரோமானியர்கள் கதையை விட்டுட்டுக் காட்சியை எடுத்துக்கிட்ட மாதிரி, இவர் காட்சியையும் விட்டுட்டு உடம்பை மட்டும் எடுத்துக்கிட்டார்.

இப்ப அந்தப் பன்றி. நிக்கோலா இந்தப் பெட்டியைப் பார்த்துக் கத்துக்கிட்டார்ங்கற விஷயத்தை எழுதி வெச்சது வசாரி, 16ஆம் நூற்றாண்டுல. இத்தாலியக் கலைஞர்களோட வாழ்க்கை வரலாறுகளை எழுதினவர், கலை வரலாற்றுக்கே பிதாமகர்னு சொல்லலாம். பெட்டி எங்கே இருந்தது, அதுல மெட்டில்டாவோட அம்மா அடக்கமானது எல்லாம் சரியா எழுதிட்டு, அதுல இருக்கற கதை 'மெலியேகரோட பன்றி வேட்டை'ன்னு எழுதிட்டார். பிதாமகரையே பன்றி கவுத்துடுச்சு! ஃபீட்ராவோட சொந்தப் பேர் அவளுக்குத் திரும்பக் கிடைச்சது பிற்காலத்து ஆராய்ச்சியாளர்களாலதான்.

இதே ஃபீட்ரா கதையோட இன்னொரு பெட்டி சிசிலியில அக்ரிஜெந்தோவுல இருக்கு. அதுல ஹிப்போலிட்டஸ் தேர்ல இருந்து விழுந்து சாகறதும் உண்டு. அந்த ஊர் கதீட்ரல்ல அதைப் பல காலம் எதுக்கு வெச்சிருந்தாங்கன்னா, குழந்தைகளுக்கு ஞானஸ்நானம் குடுக்கற தொட்டியா. 1787ல கோதே அந்த ஊருக்குப் போனப்ப அந்தப் பெட்டியைப் பார்த்துட்டு, பிரமாதம்னு எழுதி வெச்சிருக்கார். சாவுக்குச் செஞ்ச பெட்டியில பிறந்த குழந்தைக்குத் தண்ணி ஊத்திப் பேர் வைக்கறாங்க. யாருக்கும் அது அபசகுனமாத் தெரியலை.

பைசா பெட்டி அப்புறம் கம்போசாந்தோ தாழ்வாரத்துக்குள்ள போயிடுச்சு. அங்கே இருக்கற ரோமானியப் பெட்டிகள் மொத்தம் எண்பதுக்கு மேல. 1944 ஜூலை 27ஆம் தேதி, ஜெர்மானியர் கையில இருந்த பைசா மேல நேசநாட்டுப் படை குண்டு போட்டப்ப கம்போசாந்தோ கூரையில தீப்பிடிச்சது. மரச்சட்டம், அதுக்கு மேல ஈயத் தகடு. ஈயம் உருகிச் சுவர் மேல ஒழுகி, நூற்றுக்கணக்கான வருஷத்து ஓவியங்களைப் பாழாக்கிடுச்சு. கீழே இருந்த சலவைக்கல் பெட்டிகளும் அடி வாங்கிச்சு. சுவர்ல இருந்து உரிச்சு எடுத்த ஓவியங்களைச் சரிபண்ற வேலை பல தலைமுறையா நடந்தது. அதுல பேர் போன 'மரணத்தின் வெற்றி' ஓவியம் தன்னோட சுவருக்குத் திரும்பினது 2018லதான்.

ஃபீட்ராவுக்கு நல்ல நேரம். மன்மதன், கிழவி, குதிரை, பன்றி எல்லாத்தோடயும் தாழ்வாரத்துல இன்னும் உட்கார்ந்திருக்கா. அவளோட இன்னொரு உருவம் மடியில குழந்தையோட அதே புல்வெளியில, ஞானஸ்நான மண்டபத்துல. நடுவுல ரெண்டு நிமிஷ நடை.